நாற்பத்தேழு என்றாள், காதலோடு

ஐம்பத்து நான்காவது வயதில் என் மனைவியிடம் ஒரு பொய் சொல்வதென்று தீர்மானித்தேன்.

இதற்கு முன் சொன்னதே இல்லையா என்று கேட்கக் கூடாது. சொல்லியிருக்கிறேன். எல்லாம் சில்லறைப் பொய்கள். சொன்ன அன்றே பிடிபட்டவை. சில, சொல்லி முடிப்பதற்குள்ளேயே பிடிபட்டன. இந்த முறை அப்படி ஆகக் கூடாது. ஒரு மாதமாவது தாங்குகிற, ஓட்டை உடைசல் இல்லாத, உறுதியான பொய் ஒன்று தேவைப்பட்டது. காரணம், எனக்குப் படம் கிடைத்திருந்தது.

இருபத்தெட்டு வருடமாக நான் இணை இயக்குநர். பதினாறு இயக்குநர்களிடம் வேலை பார்த்திருக்கிறேன். அதில் ஒன்பது பேர் என்னைவிட இளையவர்கள். இரண்டு பேர், நான் கிளாப் அடிக்கக் கற்றுக்கொடுத்தவர்கள். இணை இயக்குநர் என்பவர் யார் என்று தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். வெயில் காட்சியில் மழை வந்தால் அது இயற்கையின் குற்றம். மழைக் காட்சியில் வெயிலடித்தால் அது இணை இயக்குநரின் குற்றம். படம் தொடங்கும்போது பன்னிரண்டு பெயர்களோடு என் பெயரும் ஒரே அட்டையில் வரும். போகும். ஒரு படத்தில் என் பெயரைத் தேடிக்கொண்டிருக்கும்போதே கதாநாயகன் வந்து நான்கு பேரை அடித்துவிட்டான்.

எனக்கு வேண்டியது ஒன்றுதான். திரையில் என் பெயர் தனியாக வர வேண்டும். மேலே 'இயக்கம்'. கீழே நான். நடுவில் யாரும் இல்லை. நான்கு வினாடி போதும்.

அதற்காக ஒரு கதையும் வைத்திருந்தேன். அணை கட்டியதில் ஊரே மூழ்கிப்போன ஒரு தபால்காரரின் கதை. இல்லாத ஊருக்கு வரும் கடிதங்களை அவர் என்ன செய்கிறார் என்பதுதான் படம். அதைக் கேட்ட தயாரிப்பாளர்கள் எல்லோரும் அழுதார்கள். அழுது முடித்ததும் எழுந்து வந்து எனக்குக் கதவைத் திறந்துவிட்டார்கள்.

கடைசியில் அந்த நான்கு வினாடியைத் தர முன்வந்தவர் ஒரு மெத்தைக் கம்பெனி முதலாளி. அவரே ஆள் அனுப்பிக் கூப்பிட்டார். தபால்காரரை ஆரம்பித்தேன். கையைக் காட்டி நிறுத்தினார்.

"கதை நம்மகிட்டயே இருக்கு சார். மூணு காலேஜ் பசங்க. கடைசி வருஷம், ஹாஸ்டல் ரூம். படிப்பு முடியறதுக்குள்ள ஒரு விஷயத்தைத் தெரிஞ்சுக்கணும்னு மூணு பேரும் சபதம் போடறாங்க."

"என்ன விஷயம் சார்?"

அவர் என்னை இரக்கத்தோடு பார்த்தார். "உங்களுக்குக் கல்யாணம் ஆயிடுச்சா?"

"ஆயிடுச்சு. பொண்ணு காலேஜ்ல லெக்சரரா இருக்கா."

"அப்ப உங்களுக்கே தெரிஞ்சிருக்கும். அந்த விஷயம்தான்."

படத்தின் பெயர் 'மூணு பேர், ஒரு மெத்தை'. தலைப்பு அவருடையது. மெத்தையும் அவருடையது.

ஒப்புக்கொண்டுவிட்டு வெளியே வந்து பேருந்து நிறுத்தத்தில் உட்கார்ந்தேன். ஏழு பேருந்துகள் போயின. எல்லாம் என் வீட்டுப் பக்கம் போகிறவைதான். ஒரு மனிதன் வாழ்நாள் முழுவதும் ஒன்றை ஆசைப்பட்டு, அது கிடைக்கும்போது முகத்தை மூடிக்கொள்ள நேர்ந்தால், அவன் ஆசைப்பட்டது தவறா, மூடிக்கொள்வது தவறா என்று யோசித்தேன். எட்டாவது பேருந்து வந்தது. ஏறிவிட்டேன். பதில் கிடைத்து அல்ல. வீட்டுக்குத் தாமதமாகப் போனால் வேறு கேள்விகள் வரும்.

என் மனைவி டப்பிங் கலைஞர். வயது ஐம்பத்தொன்று. குரலுக்கு மட்டும் பத்தொன்பது. கதாநாயகிகளுக்கும், அவர்களின் தோழிகளுக்கும், குழந்தைகளுக்கும், ஒரு பல்பொடி விளம்பரத்தில் அணிலுக்கும் குரல் கொடுத்தவள். மொத்தம் நாற்பது குரல் உண்டு. ஃபோனுக்கு ஒன்று. விருந்தாளிகளுக்கு ஒன்று. எனக்கென்று ஒன்று ஒதுக்கியிருக்கிறாள், அதை வேறு யாருக்கும் தருவதில்லை. ஒரு முறை ஓர் இயக்குநர் ஒரு காட்சியில் தேவையில்லாமல் நிறையப் பெருமூச்சு விடச் சொன்னார். "இந்தப் பொண்ணுக்கு ஆஸ்துமாவா சார்?" என்று கேட்டுவிட்டு எழுந்து வந்துவிட்டாள். அப்படிப்பட்டவளிடம் மெத்தை பற்றி என்னவென்று சொல்வது.

"என்னங்க, என்ன படம்?"

"ஆவணப்படம்."

"எதைப் பத்தி?"

அதை யோசித்து வைக்கவில்லை. ஜன்னலோரம் ஒரு பூந்தொட்டி இருந்தது.

"மண்புழு."

"மண்புழுவா?"

"விவசாயத்துக்கு ரொம்ப நல்லது."

"அது தெரியும். நீங்க எதுக்கு?"

"நான்தான் டைரக்ட் பண்றேன்."

"மண்புழுவையா?"

"படத்தை."

அவளும் பூந்தொட்டியைப் பார்த்தாள். "நல்லா நடிக்குமா?"

"இயல்பா இருக்கும்."

"சரி. போறப்ப குடை எடுத்துட்டுப் போங்க."

அவ்வளவுதான். இத்தனை சுலபமாக முடிந்ததே என்று எனக்குச் சந்தேகம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. கண்ணாடியில் முகத்தைப் பார்த்து மீசையைத் தடவிக்கொண்டேன்.

படப்பிடிப்பு முழுவதும் மெத்தைக் கிடங்கில். ஒரு மூலை ஹாஸ்டல் அறை. ஒரு மூலை வகுப்பு. நடுவில் மெத்தைகளை அடுக்கி மேலே ஏறி நின்றால் மொட்டைமாடி. எந்தக் கோணத்தில் கேமரா வைத்தாலும் மெத்தையின் பெயர்ச்சீட்டு தெரிய வேண்டும் என்பது முதலாளியின் ஒரே கலை நிபந்தனை.

மூன்று மாணவர்களின் வயதையும் கூட்டினால் நூற்றுப் பதினொன்று. நாயகனாக நடித்தவரின் மகனுக்கு அந்த வாரம் பரீட்சை. ஓய்வு நேரத்தில் இவர் ஃபோனில் அவனுக்குக் கணக்குச் சொல்லிக்கொடுப்பார். 'ஷாட் ரெடி' என்றால் ஃபோனை வைத்துவிட்டு வந்து இருபது வயதில் திகைப்பார்.

கேமரா வாடகைக்கு எடுத்தது. ஓடினால் மாவு மில் போலச் சத்தம். அதனால் நடிக்கும்போது பேசுவதைப் பதிவு செய்ய வழியில்லை; படத்தை எடுத்துவிட்டு, குரலைப் பிறகு டப்பிங்கில் சேர்த்துக்கொள்வதென்று முடிவானது. இதில் புதுமை ஒன்றுமில்லை. ஆனால் நான்காம் நாள் வசனகர்த்தா ஓடிப்போனார். ஒரு பக்தித் தொடருக்கு எழுதப் போவதாகச் செய்தி அனுப்பியிருந்தார். செய்த பாவத்தைக் கழுவ வேண்டுமாம். நான்கு நாளில் அவருக்கு அவ்வளவு பாவம் என்றால் எனக்கு எவ்வளவு என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன். பிறகு விட்டுவிட்டேன்.

வசனம் இல்லை. நடிகர்கள் வாயை அசைக்க வேண்டும். அன்று மாலை வீட்டில் மெதுவாக ஆரம்பித்தேன்.

"மண்புழு விஷயமா ஒரு சந்தேகம்."

"கேளுங்க."

"அதுல சில விவசாயிங்க பேசறாங்க. என்ன பேசணும்னு இன்னும் எழுதல. ஆனா நாளைக்குக் கேமரா ஓடியாகணும்."

"எண்ணச் சொல்லுங்க."

"எதை?"

"ஒண்ணு, ரெண்டு, மூணு. வாய் அசையணும், அவ்வளவுதானே. பாஷை தெரியாத ஹீரோயின் வந்தா அப்படித்தானே பண்ணுவீங்க. பின்னாடி டப்பிங்ல உதட்டுக்குப் பொருந்தற மாதிரி எதை வேணா பேசிக்கலாம்."

"எதை வேணாவா?"

"எதை வேணா," என்று சொல்லிச் சிரித்தாள். முப்பது வருடமாகப் பார்க்கிற சிரிப்பு. எனக்கு இன்னும் படிக்கத் தெரியாத எழுத்து.

மறுநாளிலிருந்து கிடங்கில் எல்லோரும் எண்ணினார்கள். கோபம் என்றால் ஒன்றிலிருந்து பத்துவரை வேகமாக. வெட்கம் என்றால் ஒற்றைப்படை எண்கள் மட்டும். நாயகிக்கு நம் மொழியில் தெரிந்ததே ஐம்பது வரை எண்கள்தான். கடையில் பேரம் பேசுவதற்காகக் கற்றுக்கொண்டது. அவள் நாயகனின் தோளில் கைவைத்து, கண்ணைப் பாதி மூடி, நாற்பத்து நான்கிலிருந்து இழுத்து வந்து, "நாற்பத்தேழு" என்றாள். லைட்மேன் ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

நாயகன் வந்து கேட்டார். "சார், இந்த இடத்துல நான் எதுவரைக்கும் எண்ணணும்?"

"அவ திரும்பிப் பாக்கற வரைக்கும்."

"திரும்பலைனா?"

"எண்ணிக்கிட்டே இருங்க. வாழ்க்கையில வேற என்ன பண்ண முடியும்?"

அந்தப் படத்தில் நான் நடிகர்களுக்குச் சொன்ன ஒரே ஆழமான குறிப்பு அது.

மெத்தைக் காட்சிகளைப் பற்றியும் சொல்ல வேண்டும். இந்த மாதிரிப் படம் எடுக்கிறவர்கள் ஏதோ சுகத்தில் மிதப்பார்கள் என்று வெளியில் ஓர் எண்ணம் இருக்கிறது. முப்பது பேர் சுற்றி நிற்க, ஒருவர் விளக்கைப் பிடிக்க, ஒருவர் வியர்வையைத் துடைக்க, இரண்டு பேரை நெருங்கிப் படுக்கச் சொல்வது, பல் பிடுங்குவதைப் படமெடுப்பது போலத்தான். நாயகனுக்கு இடுப்பு பிடித்துக்கொண்டது. நாயகிக்குப் பஞ்சு ஒத்துக்கொள்ளாமல் ஒவ்வொரு ஷாட்டுக்கும் ஒன்பது தும்மல். நான் மானிட்டரைப் பார்க்கவில்லை. சுவரைப் பார்த்துக்கொண்டு 'கட்' சொன்னேன். எப்போது சொல்ல வேண்டும் என்று தெரியாததால் தும்மல் சத்தத்தை வைத்துச் சொன்னேன். இருபத்தெட்டு வருடம் காத்திருந்து இயக்குநர் ஆனவன், தன் படத்தைத் தானே பார்க்காமல் எடுத்தான். இதை எழுதும்போதும் எனக்கு என் மேல் கோபம் வருகிறது. ஆனால் அன்று திரும்பிப் பார்த்திருந்தால் வெட்கம் வந்திருக்கும். கோபம் பரவாயில்லை.

வீட்டிலும் சோதனைதான்.

"சட்டையெல்லாம் என்னங்க பஞ்சு?"

"மண்புழு வளக்கறதுக்கு."

"பஞ்சுலயா?"

"புது முறை."

"கன்னத்துல என்ன மினுமினுங்குது?"

"மண்ணுல மைக்கா இருக்கு."

"உதட்டுக்கிட்ட கூட மைக்கா இருக்கு. துடைச்சுக்கோங்க."

மகள் ஃபோன் செய்தாள். "அப்பா, மண்புழு சௌக்கியமா?" என்று கேட்டுவிட்டு இருமினாள். ரொம்ப நேரம் இருமினாள். உடம்பைப் பார்த்துக்கொள்ளச் சொன்னேன்.

படப்பிடிப்பு முடிந்தது. வசனத்தை நானே எழுதினேன். எண்பத்து நான்கு பக்கம். நூலகத்தில் உட்கார்ந்து எழுதினேன். அங்கேதான் யாரும் எட்டிப் பார்க்க மாட்டார்கள். எழுத எழுதக் காது சுட்டது. இத்தனை அசிங்கம் எனக்குள் எங்கே இருந்தது என்று வியந்தேன். அதைவிட, அது அவ்வளவு நன்றாகவும் இல்லையே என்று வருந்தினேன். பாதுகாப்புக்காக மேலட்டையில் 'மண்புழு, பாகம் இரண்டு' என்று எழுதிவைத்தேன்.

டப்பிங் தொடங்கும் நாளுக்கு முன்பு முதலாளி சொன்னார். "ஒரு அம்மா வராங்க சார். மூணு ஹீரோயினுக்கும் அவங்களே பேசிடுவாங்க. உங்களைப் பேசறதுக்கு முன்னாடியே அவங்களைப் பேசி முடிச்சாச்சு."

என் மூளை அந்த வாக்கியத்தைக் கேட்டது. பரிசீலிக்கவில்லை.

டப்பிங் தியேட்டர் என்பது இருட்டான ஓர் அறை. முன்னால் திரை, நடுவில் மைக். பின்னால் ஒரு கண்ணாடிச் சுவர். கண்ணாடிக்கு இந்தப் பக்கம் சவுண்ட் இன்ஜினியரும் இயக்குநரும் உட்கார்ந்திருப்பார்கள். இங்கே ஒரு பொத்தானை அழுத்திப் பேசினால் உள்ளே கேட்கும். நான் போய் உட்கார்ந்தபோது மைக்கின் முன் ஒரு பெண் முதுகைக் காட்டி நின்றிருந்தாள். தோளில் சால்வை. எங்கள் வீட்டுச் சால்வை. பக்கத்தில் வெந்நீர் ஃபிளாஸ்க். மூடி நசுங்கியிருந்தது. அதைக் கீழே போட்டவன் நான்.

அவள் திரும்பினாள். "குட் மார்னிங் டைரக்டர் சார்," என்றாள். எனக்கு ஒதுக்கிய குரலில் அல்ல. ஃபோன் குரலில்.

இன்ஜினியர் கேட்டார். "மேடம், சாரை முன்னாடியே தெரியுமா?"

"கொஞ்சம் பழக்கம். விவசாயப் படம் பண்ணிட்டிருந்தார்."

எழுந்து ஓடலாமா என்று நினைத்தேன். எண்பத்து நான்கு பக்கத்தையும் மார்போடு அணைத்துக்கொண்டேன்.

"வசனம் கொடுங்க சார்."

"கொண்டு வரல."

"கையில இருக்கே."

"இது வேற."

"சரி, பொத்தானை அழுத்திச் சொல்லுங்க. கேட்டுப் பேசிக்கறேன்."

திரையில் மெத்தைக் காட்சி ஓடியது. நாயகி நாயகனின் தோளில் கை வைக்கிறாள். கண் பாதி மூடுகிறது. நான் பொத்தானை அழுத்தினேன். பக்கத்தைப் பார்த்தேன். முதல் சொல்லைச் சொன்னேன்.

"வா."

"வா. அப்புறம்?"

அப்புறம் வருவதை முப்பது வருடம் குடித்தனம் நடத்திய பெண்ணிடம் எந்த மனிதனாலும் சொல்ல முடியாது.

"அப்புறமும் வா."

"ரெண்டு வாட்டியா சார்?"

"ஆமா."

"அவ உதடு பதினேழு வாட்டி அசையுது. பதினேழு வாட்டி வான்னு கூப்பிட்டா அந்தப் பையன் பயந்து ஓடிட மாட்டானா?"

இன்ஜினியர் உதட்டைக் கடித்துக்கொண்டார்.

"நான் ஒண்ணு பேசிப் பாக்கறேன். பொருந்துதான்னு சொல்லுங்க."

மறுபடி காட்சி ஓடியது. நாயகி சாய்ந்தாள். கண்ணை மூடினாள். என் மனைவி பத்தொன்பது வயதுக் குரலில், தேன் சொட்டச் சொட்ட, பாகு மாதிரி இழுத்துச் சொன்னாள்:

"ஈரத் துண்டை மெத்தைமேல போடாதேன்னு... எத்தனை தடவை சொல்றது?"

உதட்டோடு அப்படியே ஒட்டியது. கடைசிச் சொல்லில் நாயகி கண்ணைத் திறந்ததுகூடச் சரியாக இருந்தது. அடுத்த ஷாட்டில் நாயகனின் முகம். எச்சில் விழுங்குகிறார். உதடு நாலு முறை அசைகிறது.

"இதுக்கு அவன் என்ன சொல்றான் சார்?"

"மறந்துட்டேன்," என்றேன்.

யோசித்துச் சொல்லவில்லை. வழக்கத்தில் வந்துவிட்டது. பொத்தானில் இருந்து விரலை எடுக்க மறந்திருந்தேன். இன்ஜினியர் நாற்காலியிலிருந்து வழுக்கிக் கீழே போய், அங்கிருந்தபடியே கையைத் தூக்கிக் காட்டினார். "சார், கச்சிதமா பொருந்துது."

மதியத்துக்குள் என் படம் கைமாறிவிட்டது. மெத்தை மொட்டைமாடியில் நாயகன் மண்டியிட்டுக் கையை நீட்டுகிறான். நாயகி கிறங்கிப்போய், "முட்டி வலிக்குதுன்னியே, டாக்டரைப் பாத்தியா?" என்கிறாள். முத்தத்துக்காக இரண்டு முகங்கள் நெருங்குகின்றன. "சிகரெட்டை விட்டுட்டேன்னு சொன்னே," என்று அவள் முணுமுணுக்கிறாள். இரண்டாவது மாணவன் காதலியின் கூந்தலை ஒதுக்குகிறான். "வீட்டுக்கு யாரோ வந்தாங்களே, யாருன்னு கேட்டு வெச்சியா?" ஒவ்வொன்றும் எனக்குத் தெரிந்த வாக்கியம். நாளும் கிழமையும்கூட நினைவிருந்தது. என் அசிங்கங்கள் எண்பத்து நான்கு பக்கம் மடியில் கிடந்தன. திரையில் என் குடும்பம் ஓடிக்கொண்டிருந்தது.

இடைவேளையில் வராந்தாவில் பிடித்தேன்.

"ஏன் இப்படிப் பண்றே?"

"நான் என்ன பண்ணேன்?"

"இது என் படம். எனக்கு இருக்கறது இது ஒண்ணுதான்."

அவள் வெந்நீரை ஊற்றி ஊதினாள். "எனக்கு எப்பத் தெரியும்னு கேக்க மாட்டீங்களா?"

"எப்பத் தெரியும்?"

"உங்களுக்கு முன்னாடி. முதலாளி குரலுக்கு என்னைத்தான் முதல்ல கேட்டார். மாட்டேன்னேன். டைரக்டர் யாருன்னு சும்மா கேட்டேன். இன்னும் கிடைக்கல, தெரிஞ்சவங்க இருந்தா சொல்லுங்கன்னார்." ஒரு மடக்கு குடித்தாள். "உங்க பேரைச் சொன்னேன். அவர்னா நானும் பேசறேன்னேன்."

வராந்தாவில் ஒரு பெஞ்ச் இருந்தது நல்லதாகப் போயிற்று.

"நீயா?"

"படம் எப்படியோ இருக்கட்டும், உங்க பேர் வரட்டும்னு நினைச்சேன். நீங்க வந்து சொல்லுவீங்க, சேர்ந்து உக்காந்து ஏதாவது உருப்படியா பண்ணலாம்னு பாத்தேன். நீங்க மண்புழுன்னீங்க."

"எண்ணச் சொன்னது?"

"எழுதறவர் ஓடிட்டார்னு முதலாளி அன்னைக்கே ஃபோன்ல அழுதார். வாயெல்லாம் காலியா இருந்தா நான் நிரப்பிக்கலாம்னு சொன்னேன்."

அவள் குரல் மாறியது. எந்தக் கணக்கிலும் வராத ஒரு குரல். நாற்பத்தொன்றாவது.

"இருபத்தாறு வருஷம். எத்தனை பொண்ணுங்க வாயில நான் பேசியிருக்கேன். ஒரு படத்துலயாவது என் பேர் வந்திருக்கா?"

"அது... டப்பிங்குக்குப் போடற வழக்கம் இல்ல."

"அதுல பதினொரு படத்துல நீங்க கோ-டைரக்டர். டைட்டில் லிஸ்ட் எழுதினதே நீங்கதான்."

உண்மை. டைட்டில் பட்டியல் இணை இயக்குநரின் வேலை. பூட்டு திறந்துவிட்டவருக்கும், நாய் கொடுத்து உதவியவருக்கும் நன்றி போட்டிருக்கிறேன். ஒரு படத்தில் இடம் பற்றவில்லை என்று ஒரு வரியை நீக்கினேன். 'குரல்' என்று தொடங்கும் வரி. நீக்கும்போது அது யார் என்றுகூட நினைக்கவில்லை. என் பெயர் பன்னிரண்டு பேருக்கு நடுவில் நசுங்குகிறது என்று அழுதுகொண்டிருந்த மனிதன் அதே கையால் அதைச் செய்திருக்கிறான். பெஞ்சில் உட்கார்ந்து அந்தக் கையைப் பார்த்தேன். சாதாரணக் கைதான்.

"உன் பேரைப் போடறேன். வசனம்னு."

"தனியா."

"தனியாத்தான்."

"அப்ப வாங்க. ஹீரோவோட பையனுக்கு மறுபடி பரீட்சைன்னு அவர் டப்பிங்குக்கு வரலையாம். நீங்களே பேசிடுங்க."

உள்ளே போய் மைக் முன் நின்றேன். இப்போது கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள்.

"மறந்துட்டேன்."

"இன்னும் கொஞ்சம் பயந்து."

"மறந்துட்டேன்."

"குரல்ல கெஞ்சல் வேணும். வீட்டுல எப்படிச் சொல்வீங்க, அப்படி."

"இதுக்கு மேல எனக்குப் பயப்பட வராது."

"இதோ, இப்பச் சொன்னீங்களே. இன்ஜினியர் சார், இதை வெச்சுக்கோங்க."

ஐந்து நாளில் டப்பிங் முடிந்தது. முதலாளிக்குப் போட்டுக் காட்டினோம். கடைசிவரை சிரிக்காமல் பார்த்தார். விளக்கு போட்டதும் என்னிடம் கேட்டார்.

"சார், இதுல அந்த விஷயமே இல்லையே."

"இல்ல சார்."

"மூணு பசங்களும் கடைசியில துண்டை மடிச்சு வெக்கறேன்னு சபதம் போடறாங்க."

"ஆமா சார்."

அவர் ஃபோனை எடுத்து வீட்டம்மாவை வரச் சொன்னார். அந்த அம்மா பாதிப் படத்தில் விக்கல் எடுக்கும்வரை சிரித்துவிட்டுக் கணவரைத் திரும்பிப் பார்த்தார். "அந்தப் பையன் குரல் அப்படியே உங்க குரல்," என்றார். நான் கொடுத்த குரல் என்று சொல்ல வாயெடுத்தேன். முதலாளியின் முகத்தைப் பார்த்துவிட்டு விட்டுவிட்டேன். அவருக்கும் துக்கம் இருக்கும்.

படம் வெளியாவதற்கு முன் ஒரு சிறப்புக் காட்சி. என் மகள் வந்தாள், மாப்பிள்ளையோடு. மெத்தை வியாபாரிகள் மனைவிகளோடு வந்தார்கள். என்னைவிட இளைய இயக்குநர்களில் நான்கு பேர் வந்தார்கள். நான் நடு வரிசையில், நடு நாற்காலியில் உட்கார்ந்தேன். டைட்டில் பட்டியலை எப்போதும்போல் நானே எழுதியிருந்தேன். வசனத்துக்கு ஓர் அட்டை. அதற்கடுத்து, கடைசியாக, என் அட்டை. நான்கு வினாடி அல்ல, ஆறு. கைகளைக் கோத்துக்கொண்டேன்.

விளக்கு அணைந்தது. பெயர்கள் வந்தன. 'வசனம்' என்று வந்தது. கீழே அவள் பெயர், தனியாக. நான் பட்டியலில் எழுதாத ஒன்றும் அதோடு வந்தது. அவள் குரல். எனக்கென்று ஒதுக்கிய குரல்:

"பேரை நல்லா படிச்சுக்கோங்க. அப்புறம் மறந்துட்டேன்னு சொல்லக் கூடாது."

அரங்கம் வெடித்தது. பெண்கள் கணவன்மாரை இடித்தார்கள். கணவன்மார் வழிந்தார்கள். மாப்பிள்ளை என் மகளைத் திருட்டுத்தனமாகப் பார்த்தான். முப்பது வருடமாக என்னைத் தவிர யாரும் கேட்டிராத குரல் நானூறு பேரைச் சிரிக்க வைத்தது. எனக்கு அடக்க முடியவில்லை. கண்ணில் நீர் வர, முன் நாற்காலியில் தலையை முட்டிக்கொண்டு சிரித்தேன். எத்தனை வருடமாயிற்று அப்படிச் சிரித்து. மூச்சு வாங்கி, கண்ணைத் துடைத்து, நிமிர்ந்து பார்த்தபோது திரையில் ஹாஸ்டல் அறை ஓடிக்கொண்டிருந்தது.

"பாத்தீங்களா?" என்று மனைவி கேட்டாள்.

"எதை?"

"உங்க பேர் வந்துச்சே."

யாரும் பார்க்கவில்லை. எல்லோரும் சிரித்துக்கொண்டிருந்தார்கள். நானும்.

படம் ஓடியது. நன்றாகவே ஓடியது. முதலாளியின் மெத்தையும் ஓடியது. இரண்டாம் வாரமே அடுத்த படத்தை அறிவித்தார். இயக்கம், என் மனைவி. நான் பெருந்தன்மையாக இணை இயக்குநராக இருக்கச் சம்மதித்தேன்.

"அதுக்கு ஒரு பொண்ணைப் போட்டாச்சுங்க," என்றாள். "உங்களுக்கு மறதி ஜாஸ்தி."

"அப்ப எனக்கு?"

"ஹீரோவுக்குக் குரல் வேணும். பயந்த புருஷன். நாளைக்குப் பத்து மணிக்கு டெஸ்ட். இன்னும் மூணு பேர் வராங்க."

"எனக்கே டெஸ்டா? அந்தக் குரல் யாருதுன்னு ஊருக்கே தெரியும்."

"எல்லாருக்கும் ஒரே மாதிரி இருக்கணும்ல."

போனேன். மைக் முன் நின்றேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவள். முப்பது வருட அனுபவத்தையும் திரட்டி, 'மறந்துட்டேன்' என்று பதினான்கு முறை சொன்னேன்.

கல்யாணமாகாத ஒரு பையனை எடுத்துக்கொண்டார்கள். என் பயத்தில் இயல்பு இல்லையாம்.